நிழலை அளந்த விரல்

குடைக்கல்லின் நிழல் வருடத்துக்கு வருடம் தேய்ந்துகொண்டு வருகிறது என்பதில் இரண்டு ஊருக்கும் கருத்து வேறுபாடே கிடையாது. யார் அதைத் தின்று தீர்க்கிறார்கள் என்பதில்தான் தகராறு.

அன்று மாலையும் முத்துநகை கல்லுக்குக் கிழக்கே நிழல் விழும் மேடையில் உட்கார்ந்து, இடது கை மோதிர விரலில் முள்ளால் குத்திக்கொண்டாள். ஒரு துளி ரத்தம் எட்டிப் பார்த்தது. உடனே, அடியில் ஊசித்துளை போட்ட செப்புக் கிண்ணத்தை எடுத்துத் தண்ணீர்த் தொட்டியில் மிதக்க விட்டாள். கிண்ணம் நிறைந்து முழுகுவதற்குள் குத்திய இடம் மூடிக்கொண்டால் நிழல் நிறைவாக இருக்கிறது என்று அர்த்தம். மூடாவிட்டால் கிண்ணத்தை எடுத்து மறுபடி மிதக்க விட வேண்டும். எத்தனை முழுக்கு ஆனதோ அதுதான் அன்றைய அளவு. முழுக்கு ஏற ஏற, மறுநாள் நிழலில் படுக்க வைக்கும் நோயாளிகளை இரண்டு ஊரிலும் குறைத்துவிடுவார்கள்.

கிண்ணம் முழுகியது. மறுபடி முழுகியது. அதற்கு மேலும் முழுகியது. விரல் மட்டும் யாருக்கு வந்த விருந்தோ என்று கசிந்துகொண்டிருந்தது.

அளவைக் கேட்டுப் போக அவள் பிறந்த காலையூரிலிருந்து வந்திருந்தவர் முத்துநகைக்குச் சித்தப்பா முறை. அளவு மோசமானாலும் அவர் முகம் சுளிக்கக் கூடாது. சம்பந்தி ஊரில் நிற்கிறார். அவரும் சுளிக்கவில்லை. செருப்பை மாட்டிக்கொண்டே, யாரிடமோ சொல்வதுபோலச் சொன்னார்.

"பொழிலன் பேரு நாளைக்கு வரிசையில இருந்துச்சு தாயி. இனிமே இருக்காது."

பொழிலன் முத்துநகையின் தம்பி. சுண்ணாம்புக் காளவாயில் கால் இடறி விழுந்து, முழங்கால் வரை வெந்துபோய்க் கிடக்கிறான். புண் சீழ் வைத்துவிட்டது. காய்ச்சல் விட்டுவிட்டு வருகிறதாம். வரிசையில் அவனுக்கு முன்னால் இருந்தவர்களும் பொழுது போகாமல் வந்தவர்கள் இல்லை. சித்தப்பா போய்விட்டார். முத்துநகை தன் விரலையே வெறித்துப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அந்த விரல்மேல் அவளுக்குக் கொலைவெறி வந்தது.

இந்த இடத்தில் கல்லைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். முன்னோர்கள் இரண்டு விண்கப்பல்களில் வந்து இந்த மண்ணில் இறங்கியபோது, வெட்டவெளியில் தன்னந்தனியாக நின்ற இந்தக் கருங்கல்லைத் தவிர நிமிர்ந்து நின்ற பொருள் வேறு எதுவும் இங்கே இல்லை. அடி சிறுத்து உச்சி விரிந்திருந்ததால் குடைக்கல் என்று பெயர் வைத்தார்கள். அதன் நிழலில் ஒதுங்கியவர்களுடைய சிராய்ப்புகள் கண்ணெதிரே ஆறின. உடைந்த எலும்பு கூடியது. கல் வெயிலைக் குடித்துவிட்டு வேறு எதையோ கீழே கசிய விடுகிறது என்று கப்பலில் வந்த மருத்துவர் ஒருவர் சொன்னார். அது என்ன என்று கண்டுபிடிப்பதற்குள் அவருடைய கருவிகள் பழுதாகிவிட்டன, அவரும் போய்ச் சேர்ந்துவிட்டார். நிழல் இருக்கும்போது மருத்துவம் எதற்கு என்று பிற்பாடு யாரும் அதைப் படிக்க மெனக்கெடவில்லை.

காலையில் கல்லின் நிழல் மேற்கே விழும், அங்கே காலையூர். மாலையில் கிழக்கே விழும், அங்கே மாலையூர். ஆளுக்கொரு பொழுது, சண்டைக்கு இடமே இல்லை என்று நினைப்பீர்கள். மனிதர்களோடு பழகாதவர்கள்தான் அப்படி நினைக்க முடியும். ஒரு காலத்தில் மாலையூர்க்காரர்கள் பலருக்குக் காயம் ஆறாமல் போயிற்று. காலையிலேயே நீங்கள் சாற்றை உறிஞ்சிவிடுகிறீர்கள், எங்களுக்குச் சக்கைதான் மிஞ்சுகிறது என்று காலையூர்மேல் பழி போட்டார்கள். மாலையூர் மேட்டில் இருக்கும் மதகை அடைத்தார்கள். காலையூரின் வாய்க்கால் காய்ந்தது. அப்புறம் அரிவாள் பேசியது.

பிணம் விழுந்து ஓய்ந்த பிறகு கல்லின் அடியில் உட்கார்ந்து ஒப்பந்தம் போட்டார்கள். நிழலை அளந்து, அளவோடு எடுக்க வேண்டும். மதகை அடைக்கக் கூடாது. அளப்பவள் காலையூரில் பிறந்து மாலையூரில் வாழ்க்கைப்பட்டவளாக இருக்க வேண்டும். பிறந்த வீடு அங்கே, புகுந்த வீடு இங்கே என்று இருப்பவளுக்கு எந்தப் பக்கத்துக்கும் துரோகம் செய்ய மனசு வராது. நல்ல யோசனைதான். அவள் பொறுப்பில் இருக்கும்வரை அதே விரலால்தான் அளக்க வேண்டும் என்றும் சேர்த்தார்கள். அளவுகோலை ஆளுக்கு ஆள் மாற்றக் கூடாது அல்லவா? வருடம் ஒருமுறை இரண்டு ஊரும் கல்லடியில் கூடும். அளவு பார்ப்பார்கள். தலைவர்கள் எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிட்டால், அதாவது கை நனைத்துவிட்டால், இன்னொரு வருடத்துக்கு ஒப்பந்தம் செல்லும். கை நனைத்தவன் பேச்சு மாறினான் என்ற பெயரை வாங்க இந்த ஊர்களில் யாரும் துணிந்ததில்லை.

முத்துநகை இந்த ஊருக்கு மருமகளாக வந்த முதல் நாள் அளவு பார்த்தபோது, கிண்ணத்தின் உள்ளடிகூட நனையவில்லை, விரல் மூடிக்கொண்டது. மேளம் கொட்டினார்கள். மருமகள் வந்த நேரம் நிழல் திரும்பிவிட்டது என்று மாமியார் ஊர் முழுக்கச் சர்க்கரை கொடுத்தாள். அதற்கு முன்பு அளந்துகொண்டிருந்த பெரியத்தை, மாமனாரின் அண்ணி, ராசி கெட்டவள் என்று பெயர் வாங்கி, விசேஷங்களில் பின்வரிசையில் உட்கார்ந்து, பேச்சைக் குறைத்துக்கொண்டு செத்துப்போனாள். முத்துநகைக்குப் பாராட்டு கசக்கவில்லை, யாருக்குத்தான் கசக்கும்? ஆனால் அன்றும் ஒரு முள் உள்ளே குத்தியது. அவளுடைய அப்பாவைக் காலையூர் வரிசையிலிருந்து திருப்பி அனுப்பி, அவர் இறந்து, ஒரு மாதம்தான் ஆகியிருந்தது. நிழல் ஒரு மாதம் முன்னால் திரும்பியிருக்கக் கூடாதா என்று அவள் வருடக்கணக்கில் குமைந்திருக்கிறாள்.

இப்போது அவளுடைய ராசியும் தேய்ந்துவிட்டதாக ஊர் முணுமுணுக்க ஆரம்பித்திருந்தது.

அவள் விரலை முறைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோதுதான் ஓரகத்தி சிலம்பாயி கூழும் வெள்ளரிக்காயும் கொண்டுவந்தாள். கொழுந்தன் கடலோரம் போய் உப்பளத்திலிருந்து கட்டிக்கொண்டு வந்த பெண். வந்து சில வாரங்கள்தான் ஆகின்றன. வாய் ஓயாது, கையும் ஓயாது. தம்பியின் சேதியைக் கேட்டுவிட்டு, ஆறுதல் சொல்லிக்கொண்டே வெள்ளரிக்காயை நறுக்கினாள். கத்தி வழுக்கி உள்ளங்கையில் ஆழமாக இறங்கியது.

சிலம்பாயி வலியில் கத்தவில்லை. கையைச் சேலைக்குள் மறைத்துக்கொண்டாள். வரிசையில் இல்லாதவர்கள் நிழலில் ஒரு கொப்புளத்தை ஆற்றிக்கொண்டாலும் குற்றம். அதிலும் அவள் ஒப்பந்தத்தில் இல்லாத கடலோரத்துப் பெண்.

"ஐயோ அக்கா, தெரியாம உங்க நிழலைத் திருடிட்டேனே. மாமாகிட்ட சொல்லிடாதீங்க."

முத்துநகை அவள் கையைப் பிடித்து இழுத்துப் பார்த்தாள். சேலையில் ரத்தம் இருந்தது. உள்ளங்கையில் ஒரு வெளிர்கோடுதான் இருந்தது, அதுவும் பார்த்துக்கொண்டிருக்கும்போதே மறைந்தது. அதே மேடை, அதே நிழல். முத்துநகையின் விரலில் முள் குத்திய இடம் இன்னும் ஈரமாக இருந்தது.

அவள் முள்ளை எடுத்துச் சிலம்பாயியின் சுண்டு விரலில் குத்தினாள். உடனே ஆறியது. தன் இடது கைதான் பழகிவிட்டதோ என்று வலது கையில் குத்திக்கொண்டாள். அதுவும் கசிந்துகொண்டே இருந்தது. இப்படியே மாறி மாறிக் குத்திக்கொண்டு இருவரும் உட்கார்ந்திருந்ததை யாராவது பார்த்திருந்தால் ஒரே வீட்டு மருமகள்களுக்கு ஒரே நேரத்தில் புத்தி பேதலித்துவிட்டது என்று நினைத்திருப்பார்கள்.

கடைசியில் சிலம்பாயிதான் பேசினாள். உப்பளத்துக்குப் புதிதாக வருபவர்களுக்குக் காற்றே கரிக்குமாம். அங்கேயே கிடப்பவர்களுக்கு ஒன்றும் தெரியாதாம்.

"அதுக்காகக் காத்துல உப்பு குறைஞ்சுபோச்சுன்னு சொல்ல முடியுமா அக்கா? நாக்குதான் பழகிப்போச்சு."

முத்துநகை கல்லை நிமிர்ந்து பார்த்தாள். அது எப்போதும்போல நின்றது. நிழல் தேயவே இல்லை. தினமும் நிழலில் குத்தி, தினமும் நிழலில் ஆற்றி, அவளுடைய உடம்புதான் மரத்துப்போயிருந்தது. பெரியத்தையின் உடம்பும் அப்படித்தான் மரத்திருக்கும். அந்தக் காலத்தில் மதகு கட்டக் கல் உடைத்தவர்கள் தினம் அடிபட்டுத் தினம் நிழலில் படுத்திருப்பார்கள். அவர்களுடைய காயங்கள்தான் ஆறாமல் போயிருக்கும், அதற்குத்தான் அத்தனை பிணம். ஒவ்வொரு புது மருமகள் வரும்போதும் நிழல் திரும்பியதற்கும் அவள் காலடிக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. புதிதாக வந்தது விரல் மட்டும்தான். ராசி என்ற ஒரு சொல்லைக் கையில் வைத்துக்கொண்டு, தலைமுறை தலைமுறையாக யாரும் அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை.

அப்பா இறந்த மாதத்திலும் நிழல் முழுசாகத்தான் இருந்திருக்கிறது. அது புரிந்தபோது அவள் அழவில்லை, கையிலிருந்த முள்ளைத் தொட்டியில் எறிந்தாள்.

மறுநாள் மதியம் அவள் மாமனாரிடம் போனாள். மருதவாணர்தான் மாலையூரின் தலைவர். தலைவருக்கு நிழலில் கடைசி முறை. எல்லோரும் முடிந்த பிறகுதான் அவர். அந்த முறை எந்தத் தலைவருக்கும் வந்ததில்லை, அதில் ஊருக்கு அவ்வளவு பெருமை. இன்னொரு பெருமையும் உண்டு. உச்சிப்பொழுது தாண்டி நிழல் கிழக்கே சாயத் தொடங்கியதும், வரிசையை விடுவதற்கு முன்னால், மேடையை மருதவாணரே தனியாளாகப் பெருக்குவார். தலைவர் கையில் விளக்குமாறு என்று மாலையூர் பீற்றிக்கொண்டதைக் கேட்டு, காலையூர்த் தலைவர் பொன்னையனும் விடியற்காலையில் தன் பக்கத்து மேடையைத் தானே பெருக்க ஆரம்பித்துவிட்டார். மருதவாணருக்கு வயதுக்கு மீறிய திடம். முதுகு கூனவில்லை, மூட்டு வலிக்கவில்லை. கேழ்வரகுக் களியும் கோபப்படாத மனசும்தான் காரணம் என்று ஊர் சொன்னது.

பெருக்கிவிட்டு வந்து கை கழுவிக்கொண்டிருந்தவரிடம் முத்துநகை எல்லாவற்றையும் சொன்னாள். அவர் துண்டால் கையை நிதானமாகத் துடைத்துக்கொண்டார்.

"அடுத்த வருஷம் காலையூர்ல இருந்து புதுப்பொண்ணு எடுத்துடலாம்மா. நிழல் திரும்பிடும். எல்லாருக்கும் சந்தோஷம்தானே."

முத்துநகைக்குத் தூக்கிவாரிப் போட்டது. அவர் ஆச்சரியப்படவே இல்லை.

"உங்களுக்கு முன்னாடியே தெரியுமா மாமா?"

"உங்க பெரியத்தை சொன்னாங்க. நீ இந்த வீட்டுக்கு வர்றதுக்கு முன்னாலயே."

"அப்ப எங்கப்பா வரிசையில இருந்தாரு."

"தெரியும்மா." அவர் கண்ணை விலக்கவில்லை. "சொல்லியிருந்தா என்ன ஆகியிருக்கும்னு நினைக்கிற? நிழல் குறையாதுன்னா உங்க ஊர்க்காரன் நமக்காக எதையும் விட்டுவைக்க வேண்டியதில்ல. அவன் ஒண்ணும் விட்டுக்கொடுக்கலைன்னா நம்ம ஆளு மதகை எதுக்குத் திறந்து வைக்கணும்? இங்க இருக்கிறவன் எல்லாம் உன் புருஷன் மாதிரி சாதுன்னு நினைச்சியா? தண்ணி நின்னா காலையூர் ஒரு கோடை தாங்காது. நிழல் கிடைக்காம போனவங்க கொஞ்சம் பேரு. தண்ணி கிடைக்காம போனா ஊரே போயிடும்."

அவர் சொன்னதை அவள் மனசுக்குள் புரட்டிப் பார்த்தாள். அதில் பொய் ஒன்றும் இருப்பதாகத் தோன்றவில்லை. சண்டைக் காலத்துக் கதைகளைக் கேட்டுத்தான் அவளும் வளர்ந்தாள். காய்ந்த வாய்க்காலில் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு நடந்தவர்கள் அவளுடைய ஊர்க்காரர்கள்தான். அவள் கடைசியில் தம்பிக்கு மட்டுமாவது ஒரு பொழுது நிழல் தரச் சொல்லிக் கெஞ்சினாள்.

"உன் தம்பிக்கு மட்டும்னு வழி விட்டா அது திருட்டும்மா. நான் என்ன எனக்காகவா பேசுறேன்? இந்த நிழல்ல என்னைக்காவது ஒருநாள் கால் நீட்டிப் படுத்திருப்பேனா?"

முத்துநகைக்கு வெட்கமாகப் போய்விட்டது. தலையைக் குனிந்துகொண்டு வந்துவிட்டாள்.

கணவன் ஏகாம்பரத்திடம் சொன்னாள். அவன் மதகுக் காவல் பார்ப்பவன். தண்ணீர் எந்தப் பக்கம் போனாலும் கரையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருக்கும் சுபாவம். அப்பா சொன்னால் அதில் ஏதாவது இருக்கும் என்று சொல்லிவிட்டு இன்னொரு கரண்டி குழம்பு கேட்டான். அவள் ஊற்றினாள். ஊற்றும்போதே, மாமனாரின் கையைப் பற்றி யோசிக்கத் தொடங்கியிருந்தாள்.

அவள் சொன்னால் தம்பிக்காகச் சொல்கிறாள் என்பார்கள். சிலம்பாயியின் கையைக் காட்டினால் உப்பளத்துச் சூனியம் என்பார்கள். ஆனால் நிழலே படாத கை ஒன்று இருக்கிறது, இரண்டு ஊரும் நம்புகிற கை. அந்தக் கை ஆறுவதை எல்லோரும் பார்த்தால், யாரும் யாரையும் திருடன் என்று சொல்ல வேண்டியிருக்காது. மாமனாரை ஊர் முன்னால் மடக்குவது மரியாதை இல்லைதான். அந்த மரியாதைக் குறைவுக்காக அவர் காலில் விழுந்து மன்னிப்புக் கேட்டுக்கொள்ளலாம் என்று தீர்மானித்தாள். தண்ணீரைப் பற்றிய கேள்விக்கு மட்டும் அவளிடம் விடை இல்லை. இரண்டு ஊரிலும் கொண்டு கொடுத்து இத்தனை தலைமுறை ஆகிவிட்டதே, அதற்கு ஏதாவது பலம் இருக்காதா என்று நம்பிப் பார்ப்பதைத் தவிர வேறு வழி தெரியவில்லை.

கை நனைக்கும் நாள் வந்தது. உச்சிப்பொழுதில் நிழல் கல்லின் காலடியிலேயே சுருண்டு கிடந்தது. இரண்டு பக்கமும் பந்தி போட்டார்கள். வடையும் பாயசமும் மணத்தன. காலையூர்க்காரர்களோடு ஒரு கை வண்டியும் வந்திருந்தது. அதில் பொழிலன் கிடந்தான். யாரையாவது கெஞ்சிப் பார்க்கலாம் என்று சித்தப்பா தள்ளிக்கொண்டு வந்திருந்தார். வரிசையில் இல்லாத நோயாளி நிழல் எல்லைக்குள் வரக் கூடாது என்பதால் வண்டியை வெள்ளைக் கோட்டுக்கு வெளியே வெயிலில் நிறுத்திவைத்தார்கள். முத்துநகை கிட்டே போய்ப் பார்த்தாள். கட்டைப் பிரிக்காமலே வாடை அடித்தது. அவன் அவளைப் பார்த்துச் சிரிக்க முயன்றான், பாதியில் கண் சொருகிவிட்டது. இன்னும் சில நாள்கூடத் தாங்க மாட்டான் என்பது அவளுக்குப் பார்த்தவுடனே தெரிந்தது.

நிழல் மெல்லக் கிழக்கே சாய்ந்தது. கிண்ணத்தையும் முள்ளையும் கொண்டுவந்து வைத்தார்கள். முத்துநகை முள்ளை எடுத்துக்கொண்டு எழுந்து நின்றாள்.

"இந்த வருஷம் என் விரல் வேண்டாம். என் ராசி தேஞ்சுபோச்சுன்னு ஊர் பேசுது. எங்க மாமா விரல்ல பார்ப்போம். நிழலே படாத கை. ரெண்டு ஊருக்கும் பொதுவான கை."

கூட்டம் அதை மரியாதையாக எடுத்துக்கொண்டது. பலே என்றார்கள், சிலர் கைதட்டினார்கள். பொன்னையன் மட்டும் கை தட்டவில்லை. விதியில் இல்லாத வழக்கம் என்று மருதவாணர் மெதுவாக மறுத்துப் பார்த்தார். தலைவருக்குத் தன்னடக்கம் அதிகம் என்று மேலும் தட்டினார்கள். அவர் மருமகளை ஒரு கணம் பார்த்தார். கோபப்படுகிறார் என்று நினைத்து அவள் மனசுக்குள் மன்னிப்புக் கேட்டுக்கொண்டாள். அவர் நிழலுக்குள் வந்து உட்கார்ந்து கையை நீட்டினார்.

குத்தினாள். ரத்தம் எட்டிப் பார்த்தது. கிண்ணம் மிதந்தது.

கிண்ணம் முழுகியது. மறுபடியும் முழுகியது. அதற்கு மேலும் முழுகியது. மருதவாணரின் விரல் கசிந்துகொண்டே இருந்தது.

முத்துநகை, தான்தான் தப்பாகப் புரிந்துகொண்டுவிட்டோமோ, நிழல் நிஜமாகவே தேய்ந்துகொண்டிருக்கிறதோ, தம்பிமேல் வைத்த பாசம் கண்ணை மறைத்துவிட்டதோ என்று தவித்தாள். மருதவாணர் கையை உயர்த்திக் கூட்டத்துக்குக் காட்டினார்.

"பார்த்துக்கோங்க. நிழல் தேஞ்சுதான் இருக்கு. நாமதான் சிக்கனமா இருக்கணும்."

குரலில் ஒரு நடுக்கமும் இல்லை. முத்துநகை அவரையே பார்த்தாள். கூனாத முதுகு. வலிக்காத மூட்டு. அவருக்குப் பின்னால், மேடையின் ஓரத்தில், தினமும் அவர் தனியாளாகப் பெருக்கும் விளக்குமாறு சாய்ந்திருந்தது. மேடை அப்படியொன்றும் சுத்தமாக இல்லை என்பதை அவள் இத்தனை வருடத்தில் அன்றுதான் கவனித்தாள்.

பந்தியில் சாதம் போட்டுக்கொண்டிருந்த சிலம்பாயி கரண்டியை வைத்துவிட்டு வந்தாள். யாரும் அவளைக் கூப்பிடவில்லை. முத்துநகையின் கையிலிருந்த முள்ளை வாங்கித் தன் விரலில் தானே அழுத்திக் குத்திக்கொண்டு, மாமனாரின் கைக்குப் பக்கத்தில் கையை நீட்டி உட்கார்ந்தாள். கடலோரத்தாளுக்கு இங்கே என்ன வேலை என்று இரண்டு ஊர்ப் பெரியவர்களும் ஒரே குரலில் அதட்டினார்கள். அவர்கள் ஒத்துப்போன விஷயங்களில் அதுவும் ஒன்று. அதட்டி முடிப்பதற்குள் அவளுடைய விரல் ஆறிவிட்டது. கிண்ணத்தை மிதக்க விடக்கூட நேரம் இல்லை.

கூட்டம் நெருங்கி வந்தது. சித்தப்பாதான் முன்னால் வந்து இரண்டு கைகளையும் மாறி மாறிக் குனிந்து பார்த்தார்.

"ஒரே நிழலு. ஒரே முள்ளு. சின்னப்பொண்ணு கை ஆறிடுச்சு, தலைவர் கை ஆறல. ஏன் தாயி?"

முத்துநகை மாமனாரைப் பார்த்தாள். பேசாதே என்று அவர் சொல்லவில்லை. கண்ணை மட்டும் தாழ்த்திக்கொண்டார். இந்த வீட்டில் அவள் உப்பைத் தின்றிருக்கிறாள். அவர் அவளை ஒருநாளும் கடிந்து பேசியதில்லை. அவளுடைய பிரசவத்தின்போது வாசலிலேயே பட்டினியாக உட்கார்ந்திருந்தவர். அதெல்லாம் அவளுக்கு நினைவு வந்தது. வெள்ளைக் கோட்டுக்கு வெளியே தம்பி முனகும் சத்தமும் கேட்டது.

"நிழல் தேயல சித்தப்பா. என்னைக்குமே தேயல. நிழல்ல பழகின உடம்புக்குத்தான் ஆற நேரமாகும். என் விரல் ஆறாததுக்கு அதுதான் காரணம்."

மாமனாரைப் பற்றி அவள் எதுவும் சொல்லவில்லை. சொல்ல வேண்டிய தேவையும் இருக்கவில்லை. எல்லோருடைய கண்ணும் மருதவாணரின் கைக்குப் போயிற்று. அங்கிருந்து விளக்குமாற்றுக்குப் போயிற்று. அவர் கையைத் துண்டுக்குள் இழுத்துக்கொண்டார். திடமான அந்த மனிதர் ஒரே கணத்தில் கிழவராகிவிட்டதுபோல முத்துநகைக்குத் தோன்றியது. ஜெயித்த சந்தோஷம் அவளுக்குக் கடுகளவும் வரவில்லை.

அப்புறம் காலையூர்ப் பக்கத்திலிருந்து ஒரு குரல், எங்கள் தலைவரும் கையை நீட்டட்டும் என்றது. இன்னொரு குரல் அதையே சொன்னது. முத்துநகை முள்ளைப் பொன்னையனை நோக்கி நீட்டினாள். அவர் முள்ளைப் பார்த்தார். நிழலைப் பார்த்தார். தன் ஊர்க்காரர்களின் முகத்தைப் பார்க்காமல், நேரே போய் மருதவாணருக்கு எதிர் இலையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார்.

"உட்காருங்க சம்பந்தி. இலை காயுது."

மருதவாணர் தட்டுத்தடுமாறி எழுந்து வந்து உட்கார்ந்தார். இருவரும் ஒருவரையொருவர் பார்க்கவில்லை. ஒரே நேரத்தில் குனிந்து சோற்றில் கை வைத்தார்கள். கை நனைந்துவிட்டது. இனி ஒரு வருடத்துக்கு மதகை யாரும் அடைக்க முடியாது. அன்பு காப்பாற்றாமல் போய்விடுமோ என்று அவள் பயந்துகொண்டிருந்த தண்ணீரை வெட்கம் காப்பாற்றிவிட்டது. இரண்டு ஊர்த் தலைவர்களும் பாயசம் வரை தலை நிமிராமல் சாப்பிட்டார்கள்.

மற்றவர்கள் யாரும் உட்காரவில்லை. ஒவ்வொருவரும் தங்கள் வீட்டிலிருந்து வரிசைக்குப் போய் இடம் கிடைக்காமல் திரும்பி வந்த ஒருவரை நினைத்துக்கொண்டு நின்றார்கள். முத்துநகை வெள்ளைக் கோட்டைத் தாண்டிப் போய் வண்டியின் முன்கட்டையைப் பிடித்தாள். சித்தப்பா பின்னால் தள்ளினார். கோட்டருகே நின்ற காவல்காரர்கள் வழிவிட்டார்கள். சிலம்பாயி ஓடிவந்து மேடையில் பாய் விரித்தாள்.

பொழிலனின் காலைக் கட்டுப் பிரித்து நிழலில் நீட்டினார்கள். முதலில் வாடை குறைந்தது. அப்புறம் சீழ் வற்றியது. விளிம்பிலிருந்து புதுத்தோல் மெல்ல நகர்ந்து வந்தது. காய்ச்சல் விட்டதும் அவன் கண்ணைத் திறந்து, தலைக்கு மேலே கரேலென்று விரிந்திருந்த கல்லைப் பார்த்தான். வழியில் சித்தப்பா பேசியதும் மேடையில் பேசியதும் அவன் காதில் அரைகுறையாக விழுந்திருக்க வேண்டும். தன் காலைத் தடவிப் பார்த்தான்.

"அக்கா, அப்பா இருந்தப்பவும் இதே நிழல்தான் இருந்துச்சா?"

முத்துநகை அவன் தலையைத் தன் மடியில் எடுத்து வைத்துக்கொண்டாள்.

"இருந்துச்சுடா," என்றாள்.